தவரத்தினம் சேரின் விரதம்

தவரத்தினம் சேரின் புத்தக அலுமாரியைத் தூசி தட்டுவது எனக்குப் பிடித்த வேலை. பாரிஸின் லா சப்பலில், மூன்றாம் மாடியில் தனியாக இருந்தார். முப்பது வருடம் உணவகத்தில் சமைத்தபடி, விடுமுறைகளில் லண்டனுக்குப் போய் விக்டோரியா மகாராணி காலத்துக் கொலை வழக்குகளை வாசித்து எழுதியவர்; அதனால் எல்லோருக்கும் அவர் 'சேர்'. நான் இரசாயனவியல் படித்தவள். நஞ்சுகளைப் பற்றிய அத்தியாயங்களைச் சரிபார்க்கக் கூப்பிட்டிருந்தார். நான் அதிகம் பேசமாட்டேன். அது அவருக்கு வசதியாக இருந்தது.

அந்தக் காலத்து ஏழைத் தாய்மார் அழும் குழந்தைகளுக்கு அபின் கலந்த பாணிமருந்து கொடுத்துத் தூங்கவைப்பார்களாம். சில குழந்தைகள் எழும்புவதில்லை. தாய் குற்றவாளிக் கூண்டில் நிற்பாள். இதைச் சொல்லும்போது சேரின் குரல் தணிந்துவிடும். அந்தக் குரலை நம்பித்தான் அம்மாவின் கதையைச் சொன்னேன்.

வன்னியில், போரின் கடைசி மாதங்களில், பங்கருக்குள் தம்பி அழுதான். வெளியே ஆமி. அம்மா தடிமன் சளிக்குக் கொடுக்கும் பாணிமருந்தைக் கூடுதலாகப் பருக்கினார். தம்பி எழும்பவில்லை. ஷெல் பட்டது என்று ஊருக்குச் சொன்னோம்.

"இது என்னோடை சாகும், பிள்ளை" என்றார் சேர்.

புத்தக வெளியீடு லூயி-பிளாங் தெருப் பக்கத்து மண்டபத்தில் நடந்தது. எபினேயில் என்னோடு இருக்கும் அம்மாவையும் கூட்டிப்போனேன். சேர் ஒலிவாங்கியைப் பிடித்து, "லண்டன் தாய்மாரை விடுங்கோ. இஞ்சை எபினேயிலையும் ஒரு தாய் இருக்கிறா" என்று தொடங்கினார். பங்கர், பாணி, ஒன்றையும் விடவில்லை. பெயரை மட்டும் சொல்லவில்லை. பின்வரிசையில் ஒருத்தி, "உது எங்கடை ரதிதேவியெல்லே" என்றாள். அம்மா எழுந்து தன் கோட்டைத் தேடினார்.

அதன்பிறகு அம்மா கடைக்குப் போவதில்லை. கோயிலுக்குப் போவதில்லை. என்னோடு பேசுவதுமில்லை.

சேரிடம் கேட்டேன். "பேர் சொல்லேல்லைத்தானே, தர்மிளா. சனம் அழுததைக் கண்டனீரெல்லே?" என்றார். சந்தோஷமாக இருந்தார்.

நான் தொடர்ந்து போய்வந்தேன். கோபம் என்று ஒன்றும் இல்லை.

கந்தசஷ்டி வந்தது. மனைவி வதனா இறந்தபிறகு, ஆறு நாளும் தண்ணீர் மட்டும் குடித்து விரதமிருப்பதாக அவர் நேர்ந்திருந்தார். அவருக்கு நீரிழிவு. "நீர் படிச்ச பிள்ளை. சாப்பிடாட்டியும் குளிசையைப் போடலாமோ?" என்று கேட்டார். அது இரத்தத்தில் சீனியை இறக்கும் குளிசை. பட்டினி கிடப்பவருக்கு அது என்ன செய்யும் என்பது எனக்குத் தெரியும்.

"ஓம் சேர். கட்டாயம் போடவேணும்" என்றேன்.

விக்டோரியா காலத்தில் நஞ்சு வைத்தவர்கள் பிடிபட்டதெல்லாம் பிணத்தின் வயிற்றில் நஞ்சு கிடைத்ததால்தான் என்று அவரே எழுதியிருக்கிறார். அவருடைய வயிற்றில் இருந்தது அவருடைய டொக்டர் எழுதிக்கொடுத்த மருந்து.

மூன்றாம் நாள் பின்னேரம் போனேன். கதிரையில் வியர்த்துப்போய் இருந்தார். கைகள் நடுங்கின. என்னை வதனா என்று கூப்பிட்டார். யன்னலைத் திறந்துவிட்டேன். முகத்தைத் துடைத்தேன். எனக்குக் கவலையாகத்தான் இருந்தது. மூச்சு அடங்கும்வரை கையைப் பிடித்துக்கொண்டு பக்கத்திலேயே இருந்தேன். கொலைகாரர் அப்படி இருப்பார்களா?

இடையில் ஒருமுறை, சீனி போட்டு ஒரு தேத்தண்ணி தரச்சொல்லிக் கேட்டார். விரதம் குழம்பிவிடும் என்று வெறும் தண்ணீர் கொடுத்தேன்.