கேப்டன் சொன்ன பந்து

— உட்காரேன் க்ராப்ட்ரீ, எவ்வளவு நேரம் நிப்பே?

— பரவாயில்லை சார். பந்து போடற ஷூவுல ஆணி இருக்கு, உங்க கம்பளம் பிஞ்சுடும். சம்பளத்துக்கு ஆடற எங்க ரூமுல வெறும் பலகைதான், இந்தத் தொல்லை இல்லை.

— கம்பளம் கிடக்கட்டும். காலையில ஆஸ்பத்திரிக்குப் போயிட்டு வந்தேல்ல? பையன் எப்படி இருக்கான்?

— இன்னும் கண்ணு முழிக்கலை மிஸ்டர் ஹால்டன். நெத்திப்பொட்டுல பட்டிருக்கு. டாக்டரும் பிடி கொடுத்துப் பேசலை.

— ம். அதாவது... நான் சுத்தி வளைக்கலை. டீ குடிச்சதும் நம்ம கவுண்டி கிரிக்கெட் கிளப் கமிட்டி கூடுது. நேத்து அந்த எதிர் டீம் பையன் உடம்பைப் பார்த்துப் பந்து போடச் சொன்னது யாருன்னு கேப்பாங்க.

— நீங்கதான் சார் சொன்னீங்க.

— நான்தான். நமக்குள்ள என்ன ஒளிவு மறைவு? காலையிலேர்ந்து ஆணி அடிச்ச மாதிரி நின்னான், அவுட்டே ஆகலை. மேட்ச் கையை விட்டுப் போயிட்டிருந்துது. இங்கிலாந்து டீமை எடுக்கிறவங்க லண்டன்லேர்ந்து வந்து மேலே உட்கார்ந்திருந்தாங்க. ‘ஹால்டன் ரொம்பச் சாது, அவன் எப்படி ஒரு டீமை நடத்துவான்’னு அவங்கள்ல ஒருத்தர் சொன்னது என் காதுக்கே வந்துது.

— தென்னாப்பிரிக்கா போற டீமுக்கா சார்?

— ஆமா. கேப்டனா. பள்ளிக்கூடத்துல, ஆக்ஸ்ஃபர்டுல, எங்க போனாலும் இவன்தான் நாளைக்கு இங்கிலாந்து கேப்டன்னு என்னைக் காட்டிச் சொன்னாங்க. அப்புறம் யுத்தம் வந்து நல்ல வயசையெல்லாம் தின்னுடுச்சு. திரும்பி வந்தா தோள்ல குண்டுச் சில்லு. பழைய மாதிரி மட்டை சுத்தலை. இருந்தும் சம்பளம்னு ஒரு பென்னி தொடாம இத்தனை வருஷம் இந்தக் கவுண்டிக்காக ஆடியிருக்கேன். எனக்கு நாற்பது நெருங்குதுய்யா. இதுவும் போச்சுன்னா, ஆடினதுக்கு அர்த்தமே இல்லாமப் போயிடும்.

— புரியுது சார்.

— நீ ஒண்ணே ஒண்ணு சொன்னா போதும். கோவம் வந்துடுச்சு, நானாத்தான் அப்படிப் போட்டேன்னு.

— கேப்டன் வேண்டாம்னு தடுத்தார்னும் சொல்லணுமா?

— அது... சொன்னா நல்லது.

— ஆகட்டும் சார். சொல்லிடறேன்.

— இவ்வளவு சுலபமா ஒத்துக்கிட்டா எனக்கு என்னவோ போல இருக்கு. இனிமே எந்தக் கவுண்டியும் உன்னை எடுக்காது, தெரியும்ல?

— முட்டி எப்பவோ போயிடுச்சு சார். அடுத்த வருஷம் எப்படியும் தாங்காது.

— நான் படிச்ச ஸ்கூல்ல பசங்களுக்குப் பந்து போட்டுப் பழக்க ஆள் தேடறாங்க. நான் ஒரு வார்த்தை சொன்னா வேலை கிடைக்கும். குடியிருக்க வீடும் தருவாங்க.

— வேண்டாம் சார். இனிமே எந்தப் பையனுக்கும் நான் பந்து போடறதா இல்லை.

— அப்படியெல்லாம் பேசாதே. நடந்தது விபத்து. சரி, அந்தப் பையன் வீட்டுல யாரெல்லாம் இருக்காங்க? பழக்கூடை ஏதாவது அனுப்பி வைக்கணும். ஹெட்லிதானே பேரு?

— ஆர்னால்ட் ஹெட்லி. அப்பன் நிலக்கரிச் சுரங்கம் சரிஞ்சதுல போயிட்டான். அம்மா மட்டும்தான், நெசவு மில்லுல வேலை. இப்ப அவன் கட்டில் பக்கத்துல உட்கார்ந்திருக்கா. ஒரு வாய் டீ குடின்னாலும் வாங்க மாட்டேங்கறா.

— உனக்கு அந்தம்மாவைத் தெரியுமா?

— என் கூடப் பொறந்தவ சார்.

— என்ன சொல்றே?

— அவன் என் தங்கச்சி மகன். மட்டை பிடிக்கக் கத்துக்கொடுத்ததே நான்தான். எங்க வீட்டுக்குப் பின்னால, துணி காயப்போடற சந்துல.

— ஏன்யா சொல்லலை? ஒரு வார்த்தை சொல்லியிருந்தா உன்னை நிறுத்திட்டு வேற ஆளைப் போடச் சொல்லியிருப்பேனே.

— அதுக்குத்தான் சொல்லலை சார். நம்ம இன்னொரு வேகப்பந்துக்காரன் கிம்பர் கையில பந்தைக் கொடுப்பீங்க. அவன் ஆள் பார்த்துப் போடறவன் இல்லை. நான் போட்டா ஒரு சாண் தள்ளிப் போடலாம்னு பார்த்தேன். மொதப் பந்து அப்படித்தான் போச்சு. ‘பூவா எறியறே, உடம்புக்குப் போடு’ன்னு நீங்க அங்கேர்ந்து சத்தம் போட்டீங்க.

— முடியாதுன்னு சொல்லியிருக்கலாமே.

— உங்க மாதிரி ஆளுங்ககிட்ட முடியாதுன்னு சொல்லி எங்களுக்குப் பழக்கம் ஏது சார்? யுத்தத்துலயும் ஆபீசர் விசில் ஊதுவார், நாங்க பதுங்கு குழியை விட்டு ஏறி ஓடுவோம். ஏன்னு கேட்டதில்லை.

— அவன்... பந்து வர்றதைப் பார்த்தானா?

— நல்லாப் பார்த்தான். குனியலை. என்னைப் பார்த்துச் சிரிச்சுக்கிட்டே நின்னான் சார். மாமன் போடற பந்து தன்மேல படாதுன்னு.

— க்ராப்ட்ரீ, நீ ஆஸ்பத்திரிக்குப் போ. கமிட்டிகிட்ட நான் பேசிக்கறேன். நான்தான் போடச் சொன்னேன்னு சொல்லிடறேன். தென்னாப்பிரிக்கா போனா போகட்டும்.

— வேண்டாம் சார். நாளைக்குப் பேப்பர்ல வந்துடும்.

— வரட்டுமே. உன் தங்கச்சிக்கு உண்மை தெரிய வேண்டாமா?

— கோவத்துல புத்தி கெட்டுப் போட்டுட்டேன்னு அவகிட்ட சொல்லிட்டேன் சார். பளார்னு அறைஞ்சா, வாங்கிக்கிட்டேன். கோவத்துல அடிச்ச அண்ணனை என்னைக்காவது ஒரு நாள் மன்னிப்பா. யாரோ சொன்னாங்கன்னு அடிச்சவனை மன்னிக்க மாட்டா.