தாமதத்துக்கான காரணம்

உட்கார்ந்து எழுந்தால் இடுப்பு பிடித்துக்கொள்கிறது ஐயா. அதனால் நின்றுகொண்டே சொல்கிறேன். இது ஆபீஸ் நாற்காலியில் வந்த வலி இல்லை. திருமானூர் பக்கம் என் அப்பாவும் அம்மாவும் கரும்பு வெட்டினார்கள். பள்ளிக்கூடம் இல்லாத நாளெல்லாம் நான் கட்டுத் தூக்கி லாரியில் ஏற்றினேன். அம்மா என்னை வயிற்றில் வைத்துக்கொண்டு கடைசி வரைக்கும் வெட்டியவள். அந்த வயலிலிருந்து அரியலூரில் சுகாதாரத் துறை ஆபீசுக்கு வந்தவன் நான். இத்தனை வருட வேலையில் யாரிடமும் ஒரு டீ வாங்கிக் குடித்ததில்லை. அதை முதலில் எழுதிக்கொள்ளுங்கள்.

விக்கிரமங்கலத்துக் கவிதாவின் புகார் என் மேசைக்கு வந்தது. வயிற்றில் இருப்பது பெண் என்று ஒரு ஸ்கேன் சென்டரில் சொன்னார்கள், மாமியார் சின்னம்மாள் கட்டாயப்படுத்திக் கலைக்க வைத்தாள் என்பது புகார். எங்கள் அதிகாரி போய் மெஷினுக்கு சீல் வைத்தார். இந்தச் சட்டத்தில் எங்கள் அதிகாரியே நேராகக் கோர்ட்டில் வழக்குப் போட வேண்டும். மூன்று வருடத்துக்குள் போட வேண்டும். தாண்டினால் தாமதத்துக்குக் காரணம் சொல்லி மன்னிப்புக் கேட்க வேண்டும். அப்படிக் கேட்டால் கோர்ட்டில் தூக்கி எறிவார்கள் என்று நினைத்திருந்தேன்.

நான் கோப்பைத் தொலைக்கவில்லை. தொலைத்தால் தேடுவார்கள். மேசை மேல், எல்லோர் கண்ணிலும் படும்படி வைத்திருந்தேன். பக்க எண் போடவில்லை என்று ஒரு முறை திருப்பி அனுப்பினேன். கையெழுத்துக்குக் கீழே முத்திரை இல்லை என்று ஒரு முறை. அதற்குள் அதிகாரி மாறுவார். புதியவருக்கு எல்லாம் முதலிலிருந்து. எல்லாமே முறைப்படிதான்.

பக்கத்து மேசை பிரேம் கிண்டல் செய்வான். "அண்ணே, இந்தப் பைலுக்கு நெய் ஊத்திச் சோறு போடுறீங்களா? இந்தத் தூக்கம் தூங்குது."

"எழுந்து என்ன பண்ணப் போவுது, தூங்கட்டும்டா" என்பேன். சிரிப்போம்.

கவிதா மட்டும் பஸ் ஏறி வந்துகொண்டே இருந்தாள். "கேஸ் போட்டாச்சாண்ணே?"

"போட்டாச்சும்மா. கோர்ட்டுல லேட்டாவும்."

கோர்ட் லேட்டாகும் என்று சொன்னால் நம்மூரில் யாரும் மறுத்துப் பேச மாட்டார்கள். ஒருநாள் நான் இடுப்பைப் பிடித்துக்கொண்டு எழுந்ததைப் பார்த்தாள். அடுத்த தடவை வரும்போது அவள் அம்மா காய்ச்சிய நொச்சித் தைலம் கொண்டுவந்தாள். சின்னப் பழுப்புக் குப்பி. "ராவுல தேச்சுட்டுப் படுங்கண்ணே. குப்பிய மட்டும் திருப்பிக் குடுத்துடுங்க, அம்மா கேக்கும்."

தைலத்தை லஞ்சம் என்று சொல்ல மாட்டீர்கள் என்று நினைக்கிறேன். நல்ல தைலம். வலி கேட்டது.

இரண்டாம் வருடக் கடைசியில் ஸ்கேன் சென்டரிலிருந்து மனு வந்தது. வழக்கே இல்லாத மெஷினுக்கு சீல் எதற்கு என்று கேட்டிருந்தார்கள். நியாயமான கேள்வி. சீலை எடுக்கலாம் என்று குறிப்பு எழுதி வைத்தேன். அதிகாரி வேறு தாள்களோடு சேர்த்துக் கையெழுத்துப் போட்டார்.

அதற்கு அடுத்த மாதம் கவிதா வந்தபோது வயிறு தெரிந்தது. அன்றைக்கு அவள் உட்காரவில்லை.

"மெஷினத் தொறந்துட்டாங்களாமேண்ணே? எங்க மாமியா இப்பவே பேச்ச எடுக்குது. கேஸு இருந்தா அது பூட்டியே கெடக்கும்னு நெனச்சுத்தாண்ணே நான் பயமில்லாம இருந்தேன். என்னைய மறுபடி அங்கதான் இழுத்துட்டுப் போவாங்க."

"ஒண்ணும் ஆவாது, போம்மா. நான் பாத்துக்குறேன்" என்றேன்.

அப்போதும் கோப்பு மேசை மேல்தான் இருந்தது. ஒரு கையெழுத்து வாங்கி வக்கீலுக்கு அனுப்பியிருந்தால் மறுபடி சீல் விழுந்திருக்கும். அது எனக்குத் தெரியும். ஆனால் அந்த வாரம் என் மருமகள் மஞ்சுவுக்கு நாள் தள்ளியிருந்தது.

பிரசாத் என் ஒரே மகன். அவனுக்கு இரண்டும் பெண். பெண் பிள்ளை எனக்கு வேண்டாதது இல்லை ஐயா. பெண்ணாய்ப் பிறந்தால் உடம்பு என்ன பாடு படும் என்று அம்மாவைப் பார்த்துத் தெரிந்துகொண்டவன் நான். இரண்டு போதும், அடுத்தது பையனாக இருக்கட்டும் என்று நினைத்தேன். கோப்பை முதலிலிருந்தே தூங்க விட்டதும் அந்த மெஷின் ஒருநாள் வேண்டியிருக்கும் என்றுதான். வெளியூர் போனால் தெரியாத டாக்டர், தெரியாத மெஷின். இந்த ஸ்கேன் சென்டரில் என்றால் என்னைத் தெரியும். காசு வாங்க மாட்டோம் என்றார்கள். வற்புறுத்திக் கொடுத்துவிட்டேன்.

முதல் தடவை பெண் என்றார்கள். மஞ்சு, "வேணாம் மாமா, இருக்கட்டும் மாமா" என்று வண்டியில் அழுதாள். கலைத்தோம். அடுத்த தடவை பையன். இப்போது நடக்கிறான்.

கவிதாவை ஐந்தாம் மாதத்தில் அதே இடத்துக்குக் கூட்டிப்போயிருக்கிறார்கள். பெண் என்று சொன்னபிறகு யாரோ கொடுத்த மாத்திரையில் ரத்தம் நிற்கவில்லை. பெரம்பலூர் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகும் வழியில், காரிலேயே உயிர் போய்விட்டது. பிரேம்தான் வந்து சொன்னான். அன்றைக்கு அவன் கிண்டல் செய்யவில்லை.

மூன்று வருடம் தாண்டியபிறகு வந்த புதிய பெண் அதிகாரி கோப்பைக் கையில் எடுத்தார். தாமதத்துக்குக் காரணம் எழுதச் சொன்னார். ஆள் பற்றாக்குறை என்று ஒரே வரி எழுதினேன். நிற்காத காரணம் என்று தெரிந்துதான் எழுதினேன். கோர்ட்டில் எதிர்த்தரப்பு வக்கீல் அந்த வரியைப் படித்துச் சிரித்தார். நீதிபதி சிரிக்கவில்லை. ஆபீஸ் தூங்கியதற்காக இந்த வழக்கைச் சாக விட முடியாது என்று சொல்லித் தாமதத்தை மன்னித்தார். கோர்ட்டே மன்னித்த தாமதத்தை நீங்கள் இப்போது என்னிடம் கேட்கிறீர்கள்.

அன்றைக்கு வராந்தா பெஞ்சில் என் பக்கத்தில் ஓர் அம்மா உட்கார்ந்திருந்தார். கவிதாவின் அம்மா கலியம்மாள்.

"ஆபீசுல ஒரு அண்ணன் இருக்காரு, மொகம் கோணாம பதில் சொல்லுவாருன்னு எம்மவ சொல்லும். அது நீங்கதானா தம்பி?"

"ஆமாம்மா" என்றேன்.

"இடுப்பு வலி தேவலையா?"

தேவலை என்றேன். வேறொன்றும் அவர் கேட்கவில்லை.

கேட்டதற்கெல்லாம் சொல்லிவிட்டேன் ஐயா. கோப்பை நிறுத்தி வைத்தது நான். சீலை எடுக்க வைத்தது நான். மஞ்சுவைக் கூட்டிப்போனதும் நான். மற்றபடி அந்தக் குடும்பத்துக்கு நான் திருப்பிக் கொடுக்க வேண்டியது அந்தத் தைலக் குப்பி ஒன்றுதான். கழுவி வைத்திருக்கிறேன்.