அரை ஷிப்ட் மெக்கானிக்

அருள்செல்வன்: ...என்ன கெரகம்னே தெரியலீங்க்கா. காலைல இருந்து இந்த ஏழாம் நம்பர் மெஷின்ல தையல் விட்டு விட்டு விழுகுது. நல்ல வேளை, இதுல தைக்கற வேலாத்தாக்கா இன்னிக்கு லீவு.

பழனியம்மாள்: டீ ஆறுதுங்க தம்பி.

அருள்செல்வன்: அடில நூலைக் கோக்கற லூப்பரைக் கழட்டி மாட்டியாச்சு. டைமிங் வெச்சுப் பாத்தாச்சு. ஒண்ணும்...

பழனியம்மாள்: நா வேணும்னா ஒரு கை பாக்கட்டுமா?

அருள்செல்வன்: நீங்களா! ஓவர்லாக் மெஷினைப் பிரிக்கறது இட்லிக் குண்டானைக் கழுவற மாதிரின்னு நெனச்சீங்களா?

பழனியம்மாள்: குண்டான் அடிப்பிடிச்சா மெக்கானிக்கா வந்து தேச்சுக் குடுக்கறாரு?

அருள்செல்வன்: சிரிக்காதீங்க. உங்ககிட்ட ஒண்ணு கேக்கோணும், மறைக்கப்படாது. சாயங்காலம் உங்க ஆறாம் நம்பர் கோளாறுன்னாங்க. காலைல நா போய்ப் பாத்தா ஜம்முனு ஓடுது. முந்தி மூணாம் நம்பரும் அப்படித்தான். எவனோ என் வேலைல கை வெக்கறான்.

பழனியம்மாள்: எவனோ இல்லீங்க. நாந்தான்.

அருள்செல்வன்: நீங்க...

பழனியம்மாள்: காலைல பெல் அடிக்கறதுக்கு முன்னால வந்து நானே சரி பண்ணிர்றது. மெக்கானிக் வர்ற வரைக்கும் கையைக் கட்டிட்டு உக்காந்து உக்காந்து சலிச்சுப் போச்சுங்க தம்பி. ஞாயித்துக்கெழமையானா நம்மூரு ராயபுரத்துல பழைய மெஷின் சரி பண்ற கடைக்குப் போயிருவேன். கத்துக்கறேன்.

அருள்செல்வன்: ஊட்ல மாமாவுக்குத் தெரியுமா?

பழனியம்மாள்: தெரியும். மொதல்ல சிரிச்சாரு. ஊட்டு மிக்ஸியைப் பிரிச்சு ஓட்டிக் காட்டுனேன்... சிரிப்பை நிறுத்திப்போட்டாரு.

அருள்செல்வன்: இப்ப எதுக்குங்க்கா இதெல்லாம்?

பழனியம்மாள்: நம்ம பனியன் கம்பெனி ரெண்டாவது யூனிட்டுக்கு மெக்கானிக் வேணும்னு மேனேஜர் உங்களைத்தான கேட்டிருக்காரு? எம் பேரைச் சொல்லுங்க.

அருள்செல்வன்: அக்கா... மெக்கானிக் வேலைக்குப் பொம்பளை வந்து நா பாத்ததே இல்லீங்க. எல்லாரும் சிரிப்பாங்க.

பழனியம்மாள்: எங்க ஊட்லயே சிரிச்சு முடிச்சாச்சு. மத்தவங்க சிரிச்சா என்ன?

அருள்செல்வன்: இத்தனை வருஷத் தையலை ஒரேடியா உட்டுப்போட்டு...

பழனியம்மாள்: ஆரு ஒரேடியா உடறேன்னா? எல்லாரும் ஒன்றரை ஷிப்ட் பாக்கறோம். தீபாவளி வரைக்கும் ஒரு ஷிப்ட் தையல், சாயங்காலம் அரை ஷிப்ட் மெக்கானிக். கை பழகிருச்சுன்னா தலைகீழா மாத்திக்குவேன்... ஒரு ஷிப்ட் மெக்கானிக், அரை ஷிப்ட் தையல். அப்பறம் அந்த அரையையும் உட்டுருவேன். பயமெல்லாம் இருந்துச்சுங்க. இப்ப இல்ல.

அருள்செல்வன்: கோளாறு புடிபடாம முழிச்சீங்கன்னா?

பழனியம்மாள்: முழிப்பேன். நீங்க இன்னிக்கு முழிக்கலையா?

அருள்செல்வன்: அதுவும் சரிதான்... அக்கா, நானும் ஒண்ணு சொல்லிப்போடறேன். கோவிச்சுக்கப்படாது.

பழனியம்மாள்: சொல்லுங்க.

அருள்செல்வன்: கை வெக்கறது நீங்கதான்னு எப்பவோ தெரியும். எவ்வளவு தூரம் போறீங்கன்னு பாக்கத்தான்... சாயங்காலம் கெளம்பறப்ப அந்த மெஷினையெல்லாம் கலைச்சு வெச்சது நாந்தான். எல்லாத்தையும் சரி பண்ணிப்போட்டீங்க. போன வாரமே உங்க பேரைக் குடுத்துட்டேன். திங்கக்கெழமை சாயங்காலம் ரெண்டாவது யூனிட்டுக்கு வரச் சொன்னாரு மேனேஜர்.

பழனியம்மாள்: ...பேர் குடுத்தது தெரியாதுங்க தம்பி. நெம்ப சந்தோசம். ஆனா கலைச்சது நீங்கதான்னு தெரியும். தானாக் கெட்ட மெஷினுக்கும் ஆள் கெடுத்த மெஷினுக்கும் வித்தியாசம் தெரியாமயா இத்தனை வருஷம் தெச்சேன்? அதான், உங்களையும் சோதிச்சுப் பாக்கலாம்னு, வேலாத்தாக்கா லீவுன்னு தெரிஞ்சதும், நேத்து கெளம்பறப்ப ஏழாம் நம்பர் ஊசியை ஒரு துளி திருப்பி மாட்டிட்டுப் போனேன். தையல் விட்டுச்சுன்னா தைக்கறவ மொதல்ல ஊசியைப் பாப்பா. நீங்க நேரா அடிவயித்துக்குள்ள பூந்துட்டீங்க... அக்கட்ட நவுருங்க, அந்த ஸ்க்ரூடிரைவரைக் குடுங்க.