நான் பேசிய ஆகச் சிறிய பேச்சு

பிஸ்மில்லாஹிர் ரஹ்மானிர் ரஹீம்.

முத்தமிழ் விழாவின் தலைமைக் கதிரையை அலங்கரித்துக்கொண்டிருக்கும், என் பேச்சு எல்லை மீறினால் மணி அடிக்கும் அதிகாரத்தையும் கையிலே வைத்திருக்கும் ஓய்வுபெற்ற அதிபர் அப்துல் கபூர் சேர் அவர்களே! அருளும் அறிவும் சுமந்து அமர்ந்திருக்கும் உலமாப் பெருமக்களே! ஊரின் பாரத்தைத் தோளில் தாங்கும் பள்ளிவாசல் மரைக்காயர்மாரே! திருக்கோவிலில் இருந்து பஸ்ஸேறி வந்து எங்கள் அரங்கைச் சிறப்பித்திருக்கும் கோயில் நிருவாகத்தைச் சுமக்கும் வண்ணக்கர் கோணாமலை ஐயா அவர்களே! மாவடிப்பள்ளி வயலிலே காலைக் கழுவியதும் நேரே இங்கு வந்த விவசாயப் பெருமக்களே! வள்ளத்தைக் கரையிலே ஏற்றிவிட்டு வந்த கடற்றொழிலாளத் தோழர்களே! என்னைப் பெறாமல் பெற்ற தாய்மார்களே! அந்தத் தாய்மாருள்ளும், முன்வரிசையில் மூன்றாவது கதிரையில், மகன் தினுஜனின் படத்தை மடியில் வைத்துக்கொண்டு வீற்றிருக்கும் நேசம்மா அம்மா அவர்களே! உங்கள் அனைவர் மீதும் இறைவனின் சாந்தி உண்டாகட்டும். அஸ்ஸலாமு அலைக்கும். வணக்கம்.

என்னை அறிமுகம் செய்யத் தேவையில்லை. மைக் ஜவாத் என்றால் இந்தக் கல்முனைக் கரையோரத்தில் தெரியாத பிள்ளை கிடையாது. உங்கள் வீட்டுக் கல்யாணத்தில் மாப்பிள்ளையை வரவேற்றது இந்தக் குரல். கடற்கரை மைதானத்தில் பந்து வலைக்குள் போகுமுன்பே கோல் என்று கத்தி உங்களை ஏமாற்றியதும் இந்தக் குரல்தான். சிரியுங்கள், சிரியுங்கள். இன்று சிரிக்கக் கிடைக்கும் இடம் இது ஒன்றுதான்.

விழாக் குழுவினர் எனக்குத் தந்த தலைப்பு, ‘எங்கள் தமிழின் இனிமை’. எவ்வளவு அழகான தலைப்பு! தேன் என்பேன், பால் என்பேன், கைதட்டு வாங்குவேன், பொன்னாடை போர்த்திக்கொண்டு போவேன். இருபது வருடமாக அதைத்தானே செய்தேன்? ஆனால் இன்று என்னால் முடியாது. தமிழ் தெரிந்த ஒரே காரணத்தால் ஒரு மனிதனைக் கொன்றவன் நான். கொன்றவன் எந்த வாயால் இனிமை பேசுவான்?

யார் அங்கே? நான் போருக்குப் போய் வந்ததை அறிந்த ஒரு தம்பி பின்னால் இருந்து கத்துகிறார், “யுத்தக் கதை வேணாங் காக்கா, தமிழப் பத்திக் கதைங்க!” தம்பி, தமிழைப் பற்றித்தான் கதைக்கப் போகிறேன். கொஞ்சம் பொறுங்கள்.

மூன்று வருடத்துக்கு முன்னர் ஒரு முகவர் வந்தார். ஐரோப்பாவில் பெரிய போர் நடக்கிறது, அங்கே லொறி ஓட்ட ஆள் தேவை, சண்டைக்கும் நமக்கும் சம்பந்தமில்லை, முகாமுக்குப் பின்னால் பாணும் உருளைக்கிழங்கும் ஏற்றி இறக்குவதுதான் வேலை என்றார். என் மனைவி றுக்ஸானா அப்போதே கேட்டாள். “சாமான் ஏத்துறதுக்கா இவ்வளவு தூரத்தில இரிந்து ஆள் புடிக்கிறாங்க? அவங்கட நாட்டுல லொறி ஓட்ட ஒருத்தரும் இல்லையா?” ஆக நியாயமான கேள்வி. நான் மைக் பிடித்தவன் அல்லவா, பெண்பிள்ளையின் கேள்விக்குக் காது கொடுப்பேனா? போனேன்.

எந்த நாடு, எந்தப் பக்கம் என்று என்னைக் கேட்காதீர்கள். இரண்டு பக்கத்திலும் எங்களைப் போன்றவர்கள் இருந்தார்கள். இரண்டு பக்கத்திலும் எங்களுக்கு விளங்காத மொழியில்தான் தாளை நீட்டினார்கள். கையெழுத்து வைத்த மூன்றாம் நாள் கையில் துவக்கு. பத்தாம் நாள், பாய்ச்சல் அணி. படத்தில் வருகிற கொமாண்டோ என்று நினைத்துவிடாதீர்கள். அந்த நாட்டவரிலே நெடுங்காலம் பயிற்சி எடுத்த கொமாண்டோக்கள் உண்டு. அவர்கள் பின்னால் நிற்பார்கள். முன்னால் எங்களை அனுப்புவார்கள். நேபாளத்தான், கியூபாக்காரன், ஆபிரிக்காவின் நாலைந்து தேசத்தவன், நான். இரண்டிரண்டு பேராக வெட்டவெளி வயலைக் கடந்து ஓட வேண்டும். எதிரி எங்கிருந்து எங்கள் மேல் சுடுகிறான் என்று பின்னால் நிற்பவர்கள் பார்த்துக் குறித்துக்கொள்வார்கள். அதற்குத்தான் நாங்கள். அப்படி ஒரு பாய்ச்சலில் பதினான்கு பேர் ஓடினோம், ஐந்து பேர் திரும்பினோம்.

மேலே ட்ரோன் சுற்றும். தூரத்து வயலிலே தண்ணீர் இறைக்கிற மெசினின் சத்தம்தான் அதற்கு. இன்றைக்கும் மாவடிப்பள்ளிப் பக்கம் போனால், அந்த மெசின் ஓடும்போது நான் வரம்பிலே குப்புறப் படுத்துவிடுகிறேன். பார்த்தவர்கள் இங்கே இருக்கிறீர்கள். சிரித்தவர்களும் இருக்கிறீர்கள், பரவாயில்லை.

அடுத்த தாக்குதலுக்கு நாள் குறித்தார்கள். அன்று காலை எட்டு மணி இருக்கும். பொறுப்பதிகாரி என்னைத் தன் பதுங்குகுழிக்குள் கூப்பிட்டார். உள்ளே அடுப்பு எரிந்தது. நான்கு மாதத்தில் முதன்முதலாக என் விரல்களுக்குச் சூடு வந்தது. மேசையில் ஒரு ரேடியோ. எதிரிகள் கதைப்பது பிடிபடுகிறது, ஆனால் என்ன பாசை என்று யாருக்கும் தெரியவில்லை, உலகத்திலே உள்ள ஆளெல்லாம் இங்கே இருக்கிறீர்களே, உனக்கு விளங்குகிறதா பார் என்றார். காதிலே மாட்டினேன்.

“ஓம் மச்சான், கேக்குது, கேக்குது. சொல்லு.”

என் அருமைப் பெரியோர்களே! நான்கு மாதமாகத் தமிழ் கேளாத காது அது. அந்த ‘ஓம்’ காதில் விழுந்ததும் எனக்கு அழுகை வந்துவிட்டது. யாழ்ப்பாணத்து இழுவை அல்ல, மலையகத்துப் பேச்சு அல்ல, எங்கள் கரைத் தமிழ், அக்கரைப்பற்றுக்கும் பொத்துவிலுக்கும் நடுவில் பேசுகிற தமிழ்! இந்த விழாவிலே இனிமை என்று சொல்கிறீர்களே, அதைவிட இனிமையான ஓசையை நான் பிறந்து கேட்டதில்லை.

இரண்டு பேர் கதைத்தார்கள். ஒருவன் கேட்டான், “தினுஜன், எங்க நிக்கிறாய்?” மற்றவன் சொன்னான், “பள்ளிக்கூடத்துக்குக் கீழ் அறையில மச்சான். ஏழு பேர் இரிக்கம். தண்ணி முடிஞ்சு. பத்து மணிக்கு, பின் மதிலால வெளிக்கிடுவம்.” முதலாமவன் பதறினான். “டேய், ரேடியோவில இடத்த இப்பிடிப் பச்சையாச் சொல்லாத!” அதற்கு அவன் சிரித்தான். நல்ல சிரிப்பு, வாய் நிறைந்த சிரிப்பு. “போடா, தமிழ் இங்க எவனுக்குடா விளங்கப் போகுது?”

எனக்கு விளங்கியது.

தலைவர் மணி அடிக்கிறார். சேர், கையெடுத்துக் கும்பிடுகிறேன், அந்த மணியைக் கீழே வையுங்கள். என்னை இன்று இடையில் நிறுத்தினால் நான் இனி வாழ்நாளில் இதைச் சொல்ல மாட்டேன்.

அதிகாரி கேட்டார், விளங்குகிறதா என்று. இல்லை என்று ஒரு சொல் சொல்லியிருக்கலாம். என் தொழிலே பொய் சொல்வதுதானே! பந்து வெளியே போகையில் கோல் என்று சொன்னவன் அல்லவா! அவர் என் முகத்தைப் பார்த்தார், கண்ணீரைப் பார்த்தார். மேசையின் லாச்சியைத் திறந்து என் கடவுச்சீட்டை எடுத்து ரேடியோவுக்குப் பக்கத்தில் வைத்தார். விளங்கினால் வீட்டுக்கு, விளங்காவிட்டால் பத்து மணிக்குப் பாய்ச்சல் அணியோடு முன்வரிசைக்கு. அவ்வளவுதான்.

நான் சொன்னேன். தெரிந்த அரைகுறை ஆங்கிலத்தில் சொன்னேன். ஏழு பேர். பள்ளிக்கூடம். கீழ் அறை. பத்து மணி. பின் மதில்.

மேடை மேடையாக ஏறி மணிக்கணக்காய் முழங்கியவன் நான். நான் பேசியதிலே ஆகச் சிறிய பேச்சு அதுதான். ஆக அதிகம் பலித்த பேச்சும் அதுதான். பத்து மணிக்கு எறிகணைகள் அந்தப் பின் மதிலில் விழுந்தன. எனக்குத் தேநீர் ஊற்றித் தந்தார்கள். குடித்தேன்.

ஏன் செய்தாய் என்று கேட்கிறீர்களா? தமிழர், முஸ்லிம் என்ற பழைய பகையா என்று அங்கே ஒருவர் முணுமுணுக்கிறார். அப்படிச் சொல்லித் தப்பலாமா என்று நானும் யோசித்துப் பார்த்தேன், ஐயா. பகை இருந்திருந்தால் அதைக் கழுவவும் ஒரு வழி இருந்திருக்கும். எனக்கு அந்தப் பையனோடு ஒரு கோபமும் இல்லை. எனக்குக் குளிர்ந்தது. எனக்குப் பயமாக இருந்தது. வீட்டுக்கு வர வேண்டும் என்றிருந்தது.

வந்தேன். வந்த மாதமே நேசம்மா அம்மா என் வாசலில் நின்றார். அதே போருக்குப் போய் உயிரோடு வந்த ஒருவன் கல்முனையில் இருக்கிறான் என்று கேள்விப்பட்டு, திருக்கோவிலில் இருந்து பஸ் ஏறி வந்தார். படத்தைக் காட்டினார். “என்ட புள்ளையக் கண்டியா மனே? தினுஜன் எண்டு பேர்.” நான் சொன்னேன், “அது பெரிய நாடும்மா, காணல்ல.” கண்ணால் காணவில்லைதானே! எவ்வளவு கெட்டித்தனமான பொய்! எந்தப் பக்கம் நின்றாய் என்று அவர் ஒருபோதும் கேட்கவில்லை. ஒரு தாய்க்குப் போரில் பக்கம் ஏது? நான்கு முறை வந்தார். நான்காம் முறை ஒரு பொட்டலம் கருவாடு கொண்டுவந்து, “மெலிஞ்சு போனாய் மனே, ஆக்கித் தின்னு” என்றார். தின்றேன். யா அல்லாஹ், அதையும் தின்றேன்.

தனியே அவர் முகத்தைப் பார்த்துச் சொல்ல எனக்குத் துணிவில்லை. கூட்டம் இருந்தால்தான் எனக்கு நாக்கு அசையும், அது என் தொழில் நோய். அதனால்தான் அவரை இங்கே அழைத்தேன். அம்மா, உங்கள் மகனைக் காட்டிக் கொடுத்தவன் இந்த ஜவாத். படத்தை வைத்துக்கொண்டு இனி எவன் வாசலிலும் நீங்கள் நிற்க வேண்டாம்.

என் தம்பிமாரே! அறுகம்பேக் கடற்கரையில் வெள்ளைக்காரன் கையில் தாளோடு வந்தாலும் சரி, உன் சொந்த மச்சான் கொண்டுவந்தாலும் சரி, விளங்காத மொழியில் இருக்கிற தாளில் கை வைக்காதே! யாரோ ஒருவனின் மண்ணுக்கு, யாரோ ஒருவனின் கொடிக்கு, யாரோ ஒருவனின் வெற்றிக்கு, உன் உம்மாவின் ஒரேயொரு பிள்ளையைக் கொண்டுபோய்க் கொடுக்காதே! சாவது மட்டும்தான் அங்கே ஆபத்து என்று நினைத்துப் போகாதே. உயிரோடு திரும்பியும் வரலாம், என்னைப் போல!

இருங்கள். யாரும் அவரைத் தடுக்க வேண்டாம். வழி விடுங்கள், தொண்டர் தம்பிமாரே. வரட்டும். அடிக்க வந்தால் அடிக்கட்டும். வாருங்கள் அம்மா, படி உயரம், பார்த்து ஏறுங்கள்.

உங்களுக்குக் கேட்காது, நான் சொல்கிறேன். நேசம்மா அம்மா கேட்கிறார், “உடன செத்தானா?”

இல்லையம்மா. இதைச் சொல்லாமல் இறங்கிவிடலாம் என்றுதான் இருந்தேன்.

எறிகணை விழுந்த பிறகும் ரேடியோ என் காதில்தான் இருந்தது. அவனோடு கதைத்த மற்றப் பையனின் சத்தம் நின்றுவிட்டது. உங்கள் மகன் இருபது நிமிடம் கதைத்தான். முதலில் கூட்டாளியைக் கூப்பிட்டான். பிறகு, “ஆராவது இரிக்கீங்களா?” என்று கேட்டான். “தமிழ் விளங்குற ஆக்கள் ஆராவது இரிந்தாக் கதைங்க. ஒண்டும் செய்யத் தேவல்ல. சும்மா கதைங்க.” திரும்பத் திரும்ப அதையே கேட்டான். என் கையில் மைக் இருந்தது அம்மா. பித்தானை அழுத்தினால் போதும். அதிகாரிகூட வெளியே போய்விட்டார். இருபது வருடம் மைக் பிடித்த கை, அந்தப் பித்தானை அழுத்தவில்லை.

அம்மா கேட்கிறார், “நீ ஒண்டும் சொல்லல்லியா?”

ஒண்டும் சொல்லல்லம்மா.

சபையோரே, அவர் சொல்வதை அப்படியே சொல்கிறேன். “மன்னிப்ப உன்ட அல்லாஹ்க்கிட்டக் கேளு. அது என்ட வேல இல்ல. இப்ப கதை. என்ட புள்ளைக்கு மறுமொழி சொல்லு.”

படத்தை மைக்குக்கு முன்னால் பிடித்துக்கொண்டு நிற்கிறார்.

ஓம்... ஓம் தம்பி. கேக்குது. நான் ஜவாத், கல்முனை. ஓம், தமிழ் விளங்கும். நீ கதைச்சதெல்லாம் விளங்கினது. நான்தான் தம்பி இடத்தச் சொன்ன. நான் இரிக்கன். உன்ட அம்மாவும் பக்கத்தில நிக்கிறா. கதை தம்பி, நான் கேட்டுக்கிட்டு இரிக்கன்.

தலைவர் அவர்களே, தந்த நேரத்துக்கு நன்றி. பொன்னாடையை எனக்குப் போர்த்த வேண்டாம். இவ்வளவு நேரம் ஒரு கல்லும் எறியாமல் கேட்ட ஊருக்கு என் ஸலாம், என் வணக்கம்.