நாலரைக்கு நோன்பு திறப்பு

கொழும்பு கிராண்ட்பாஸ் ட்ராமில் எனக்கு முன் ஆசனத்தில் துருக்கித் தொப்பி போட்ட பெரியவர். பக்கத்தில், மடியில் பேரீச்சம்பழப் பொட்டலத்தோடு ஒரு வாலிபன்.

"ஜெயிலுக்குள்ள நாலரைக்கே பொழுது சாஞ்சு மஃரிபு ஆகுது, ஹாஜியார்," என்றான் அவன்.

"என்ன தம்பி விசர்க்கதை?"

"நாலரைக்கு சோறு குடுப்பாங்க. அப்பவே தின்னணும், எடுத்து வெச்சிக்க ஏலாது. நோன்பாளியெல்லாம் அந்த நேரத்துக்கே நோன்பு தொறக்கலாம் எண்டு வெள்ளக்கார ஜெயில் துரை ஓடர் போட்டிருக்கார்."

"மார்க்கம் தெரியாத ஆளுகள்!"

"வெளிய ஒரு நோன்பும் புடிக்காத என்கூடப் பொறந்த நானா, உள்ள போய்த்தான் புடிச்சார். சோத்தைத் திருப்பிக் குடுத்திட்டார். சோறு மறுத்த குத்தமாம், இப்ப தனியறையில போட்டிருக்காங்க. நான் கொண்டு போன பழத்தையும் ஜெயில்காரங்க வாங்கல்ல."

"அநியாயம்."

"துரை காயிதம் ஒண்டு காட்டினார். நாலரைக்குத் தொறந்தா மார்க்கத்தில கூடும் எண்டு எழுதி, கீழ பள்ளிவாசல் தலைவரெண்டு உங்கட கையெழுத்து."

பெரியவர் தொப்பியைச் சரிசெய்தார்.

"துரை ஆளனுப்பிக் கேட்டா, இல்லையெண்டு சொல்ல ஏலுமா தம்பி?"

வெளியே வெயில் இன்னும் சுட்டது. வாலிபன் பொட்டலத்தைப் பிரித்து அவர் முன்னே நீட்டினான்.

"நாலே முக்கால் ஆகிட்டு, ஹாஜியார். நோன்பு தொறங்க."