வழக்கு முடியும்வரை மாற்றக்கூடாது

என் கையெழுத்து நன்றாக இருக்கும், ஐயா. டியூட்டி லிஸ்ட் எழுதுகிற வேலை என்னைத் தேடி வந்ததே அதனால்தான். வேறு திறமை எதுவும் என்னிடம் இருந்ததாக யாரும் புகார் சொன்னதில்லை.

ஒன்பது வருடம் ஆக்டிங் ஃபோர்மேனாக இருந்தேன். ஆக்டிங் என்றால் நாற்காலி உண்டு, சாய்ந்து உட்காரத்தான் பயம். அதில் உட்கார வேண்டியவன் என் தங்கை புருஷன். தொழிற்சாலைக்கு எனக்கு முன்னால் வந்தவன், ஆனால் தற்காலிகமாக. நான் பின்னால் வந்து, அவனுக்கு நாலு மாதம் முந்தி நிரந்தரமாகிவிட்டேன். தற்காலிக வருடங்களையும் சீனியாரிட்டியில் சேர்க்க வேண்டும் என்று அவன் லேபர் கோர்ட்டுக்குப் போனான். நியாயமான கேஸ். இயந்திரச் சத்தத்தை வைத்தே கோளாறு என்னவென்று சொல்கிறவன் அவன். நான் கோளாறு ஆன பிறகு அவனைக் கூப்பிடுகிறவன். பொறாமை இல்லை என்று சொன்னால் என் வாய் வெந்துபோகும்.

கேஸ் போட்ட அன்றே வீட்டுக்கு வந்தான். "மச்சான், இது நிர்வாகத்து மேலதான், உங்க மேல இல்ல. மனசுல வெச்சுக்காதீங்க" என்றான். கூட வந்திருந்த தங்கை காபி போட்டுக் கொடுத்தாள். மூன்று பேரும் சிரித்துக்கொண்டே குடித்தோம்.

அப்போது அவனுக்கு ஹேமர் ஷாப்பில் டியூட்டி. பழுத்த இரும்பை ராட்சதச் சுத்தியல்கள் அடித்து வடிவம் கொடுக்கிற இடம். பக்கத்தில் நிற்பவன் கத்தினாலும் வாயசைவுதான் தெரியும். அதனால் மூன்று மாதத்துக்கு மேல் யாரையும் அங்கே வைக்கக்கூடாது. மாற்ற வேண்டிய மாதம் வந்தபோது நிர்வாகத்து வக்கீலைக் கேட்டேன். "கேஸ் முடியற வரைக்கும் அவருக்குப் பாதகமா எதையும் மாத்தாதீங்க" என்றார். சாதகமாக மாற்றலாமா என்று நான் கேட்கவில்லை. அவனை அங்கேயே விட்டுவிட்டேன். சட்டத்துக்கு நான் கொடுத்த மரியாதையை நீதிபதிகூடக் கொடுத்திருக்க மாட்டார்.

அன்றைக்கே திட்டம் போட்டேனா என்றால் இல்லை. எனக்கு அவ்வளவு மூளை கிடையாது. ஒரு நாள் பதவி உயர்வு விதிகளைப் புரட்டிக்கொண்டிருந்தேன். ஃபோர்மேன் ஆகிறவனுக்குக் காது பரிசோதனை உண்டு. டாக்டர் இருபது அடி தள்ளி நின்று எண்களை மெதுவாகச் சொல்வார், இவன் திருப்பிச் சொல்ல வேண்டும். அந்தப் பக்கத்தின் மூலையை மடித்து வைத்தேன். என் சீனியாரிட்டியும் அடிபடும் என்பதால் கேஸில் நானும் ஒரு எதிர்த்தரப்பு, எனக்குத் தனி வக்கீல் உண்டு. அதற்கப்புறம்தான் வாய்தா வாங்க ஆரம்பித்தேன்.

எனக்கு ஏழு தடவை வயிற்றுப்போக்கு. என் வக்கீலின் மாமியார் மூன்று தடவை இறந்தார். ஒரு வாய்தா என்றால் இரண்டு மாதம், மீதி வருடங்களை நிர்வாகத்து வக்கீலும் கோர்ட் விடுமுறைகளும் பார்த்துக்கொண்டன. கோர்ட்டுக்கு அவனும் நானும் ஒரே பஸ்ஸில்தான் போவோம். டிக்கெட் அவன் எடுப்பான். திரும்பும்போது, "அடுத்த தடவை முடிஞ்சிடும் மச்சான்" என்று எனக்கே தைரியம் சொல்வான்.

சத்தத்துக்குக் காதில் அடைக்கிற இயர் பிளக், அதன் பதிவேட்டைக் காட்டினீர்கள். மாதம் ஒரு ஜோடி, அவன் பெயருக்கு எதிரே அவன் கையெழுத்து. எல்லாம் நான் போட்டது. ஒன்றிரண்டு அவன் போடுவதைவிட அழகாக இருக்கும். அவன் கேட்டால், "ஸ்டாக் வரல மாப்ளே, பஞ்சு வெச்சு ஓட்டு" என்பேன். என் மேஜை டிராயரில் சேர்ந்துபோனது. என் மனைவி திட்டும்போது ஒரு ஜோடியை நானே மாட்டிக்கொண்டு பார்த்தேன். நல்ல சரக்கு.

கேஸ் போட்ட ஆறாவது வருடம் தங்கை வந்தாள். "அண்ணே, கூப்பிட்டா திரும்ப மாட்டேங்கிறாரு. டிவி சத்தம் தெரு வரைக்கும் கேக்குது. வேற எடத்துல போடக்கூடாதா?"

"கேஸ் நடக்கறப்ப கை வெச்சா பழிவாங்கறேன்னு சொல்லுவாங்கம்மா. எனக்கு மட்டும் ஆசையா?"

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "நீ இருக்கிற தைரியந்தாண்ணே" என்றாள். அன்று இரவு எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. மறுநாள் இறங்கிவிட்டது.

ஒன்பதாவது வருடம் தீர்ப்பு வந்தது. தற்காலிகச் சேவையும் சேரும், மருத்துவத் தகுதி இருந்தால் அவனே ஃபோர்மேன் என்று நீதிபதி வாசித்தார். நாற்காலி போய்விட்டது என்று நினைத்தேன். அவன் என் பக்கம் குனிந்து கேட்டான்: "என்ன மச்சான் சொன்னாரு?"

அந்த நிமிடம் நாற்காலி திரும்பி வந்துவிட்டது. வெட்கமாக இருந்தது, அதைவிட நிம்மதியாக இருந்தது. அவன் காதில் வாயை வைத்து, "நீதான் ஜெயிச்சே" என்று கத்தினேன். கோர்ட் டவாலி என்னை முறைத்தான். அவன் என்னைக் கட்டிக்கொண்டு அழுதான்.

பத்து நாள் கழித்து டாக்டர் சொன்ன எண்களில் ஒன்றுகூட அவனுக்குக் கேட்கவில்லை. நாற்காலி எனக்கே நிரந்தரமானது. இப்போது சாய்ந்து உட்கார்ந்தால் முதுகு வலிக்கிறது, அது வேறு கதை.

வேண்டுமென்றுதான் செய்தேன், ஐயா. விபத்து இல்லை, அஜாக்கிரதை இல்லை. அவன் காதை மாதா மாதம் என் கையாலேயே லிஸ்ட் போட்டு எடுத்தேன். யாராவது கேட்டிருந்தால் முன்பே சொல்லியிருப்பேன்.

கேட்கும் சக்தி போனதற்கு நஷ்டஈடு வேண்டும் என்று அவன் உங்களிடம் வந்திருக்கிறான். எனக்காகச் சாட்சி சொல்லுங்கள் மச்சான் என்று என்னைக் கூட்டி வந்ததும் அவன்தான். இதோ பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து தலையாட்டிக்கொண்டிருக்கிறான். என் மீசைக்குள் உதட்டைப் படிக்க அவனால் முடியாது. தனக்காக நான் உருகிப் பேசுகிறேன் என்று நினைத்து நடுவில் ஒரு தரம் என் கையை அழுத்தினான், பார்த்திருப்பீர்கள்.

எழுதும்போது ஒன்றை மட்டும் விட்டுவிடாதீர்கள். எனக்கு ஒளிவு மறைவு பழக்கமில்லை. இவ்வளவையும் அவன் முகத்துக்கு நேரேதான் சொன்னேன்.