கிராணியாரின் ஏழாவது நோட்டீஸ்

— நோட்டீஸ் வாங்க என் கையெழுத்தெல்லாம் எதுக்கு கிராணி ஐயா? மேல் மாடியில நின்னு அப்படியே போட்டீங்கன்னா என் கடை வாசல்லதானே விழும். எடுத்துப் படிச்சுக்குவேன் லா.

— அப்பிடிப் போட ஏலாது கௌஸ். ரயில்வே ஆபீசில முப்பத்திரண்டு வருஷம் கிராணியாய் இருந்து கடிதம் எழுதினவன் நான். மூண்டு பிரதி. ஒண்டு உமக்கு, ஒண்டு எனக்கு, ஒண்டு ஃபைலுக்கு. வாசிக்கிறன், கேளும். "தேதி: 3.3.1986. பொருள்: பிரிக்பீல்ட்ஸ் கடைவீட்டின் கீழ்த்தளத்தை வாடகைக்காரர் கௌஸ் காலி செய்தல். ஏழாவது அறிவித்தல்."

— ஆறாவதுக்கும் இதுக்கும் என்ன வித்தியாசம்?

— ஆறாவதில "தயவுசெய்து" இருந்தது.

— அப்போ எட்டாவதுல அடிப்பீங்க. ஐயா, நான் இப்போ வாடகைக்காரன் இல்ல. உங்க தங்கச்சி புனிதவதியம்மாவோட பாதிப் பங்கைப் போன மாசமே வாங்கிட்டேன். உங்களுக்கும் தெரியும்.

— அதைத்தான் நானும் கேக்கிறன். அண்ணன் உயிரோட இருக்கேக்கை அவள் ஏன் உமக்கு வித்தவள்?

— எட்டு வருஷமா உங்களுக்குத்தானே எழுதினாங்க? "என் பங்கை நீங்களே எடுத்துக்குங்கண்ணே"ன்னு.

— பதில் போட்டனான்.

— போட்டீங்க, போட்டீங்க. என்கிட்ட காட்டினாங்க. "தங்கள் கடிதம் கிடைத்தது. பரிசீலனையில் உள்ளது." கூடப் பொறந்த தங்கச்சிக்கு! மேல ஃபைல் நம்பர் வேற.

— நம்பர் இல்லாட்டி எப்பிடித் தேடி எடுக்கிறது? சரி, பாதி உம்முடையதெண்டே வைப்பம். மற்றப் பாதியை விட்டு வெளிக்கிடும்.

— எந்தப் பாதி ஐயா? ரொட்டிச் சானாய் போடுற கல்லு நடுவுல கோடு கிழிக்கட்டா? மாவை என் பக்கம் வீசி, உங்க பக்கம் போய்ப் புரட்டணுமா?

— பகிடி விடாதையும் காணும்.

— உங்க லாயர் விஜயன் என்ன சொன்னாரு?

— ஒரு பங்குக்காரனை மற்றப் பங்குக்காரன் எழுப்ப ஏலாதாம். போன வருஷம்தான் சோதினை பாஸ் பண்ணினவர். முழுப் புத்தகமும் படிச்சிருக்க மாட்டார்.

— அவருக்கும் நீங்க ஒரு நோட்டீஸ் குடுத்திருந்தா முழுசாப் படிச்சிருப்பாரு. சரி, பன்னெண்டு வருஷமா என் குழம்பு வாசத்திலதானே மேல குடியிருந்தீங்க? இப்போ திடீர்னு என்ன அவசரம்?

— அவசரம் எனக்கில்லை, மருமகனுக்கு. பல் டாக்குத்தர். கலியாணப் பேச்சிலயே வாக்குக் குடுத்திட்டன், கீழ்வீடு உங்கட கிளினிக்குக்கு எண்டு. உம்மை எழுப்ப ஒரு மாசம் காணும் எண்டு நினைச்சன். இப்ப ஆறு மாசமாய்ச் சிவமலர் இந்தப் படி ஏறேல்லை. போன் எடுத்தால் "கடை காலியாச்சோ அப்பா?" அவ்வளவுதான். "சாப்பிட்டீங்களோ" எண்டு ஒரு சொல் இல்லை. எனக்கு ஒரே பிள்ளை, கௌஸ்.

— இதை மொத லெட்டர்லயே எழுதியிருக்கலாமே ஐயா.

— நோட்டீசில குடும்ப விசயம் எழுதிறேல்லை.

— லெட்டருக்குக் கீழ "வீட்டு உரிமையாளர், சிவசம்பு"ன்னு எழுதுறீங்களே, அது மட்டும் என்ன விசயம்? லேண்ட் ஆபீஸ்ல கிராண்டை, அதான் வீட்டுப் பத்திரத்தை, பார்த்தேன். பாதி என் பேரு. பாதி சிவமலர் பேரு. உங்க பேரைக் காணோம்.

— அது சீதனம் காணும்! எங்கட ஆக்களில வீடு பெட்டைக்குத்தான் எழுதிறது. பேர் அவளின்ரை, வீடு என்ரை.

— பலே! டாக்டருக்கு இதை எழுதிச் சொன்னீங்களா, மூணு பிரதி?

— அது சொல்லாமலே விளங்கிற விசயம்.

— அவருக்கு விளங்கல ஐயா. வெள்ளிக்கிழமை ரெண்டு பேரும் வந்திருந்தாங்க.

— எங்கை? மேலை வரேல்லையே!

— கீழதான். அந்தா, அந்த மூலை மேசை. நான் கடையை விடமாட்டேன்னு டாக்டருக்கு அஞ்சு நிமிசத்துல புரிஞ்சிடுச்சு. உங்களை மாதிரி ஏழு லெட்டர் ஆகல. கிராண்டுல ரெண்டு பேரு, வீட்டுல ரெண்டு தளம். பேசி முடிச்சிட்டோம். கீழ எனக்கு, மேல கிளினிக்கு.

— மேலை நானெல்லோ இருக்கிறன்!

— ஆமா.

— சிவமலர்... அவள் என்ன சொன்னவள்?

— அவங்களுக்குத் தே தண்ணி ஊத்திக் குடுத்தேன், அப்படியே ஆறிப் போச்சு.

— அப்ப, நான்?

— டாக்டர் இந்த மாசக் கடைசின்னே நின்னாரு ஐயா. அந்த மனுசன் திடீர்னு எங்க போவாருன்னு நான்தான் மல்லுக்கட்டி, உங்களுக்கு ஆறு மாசம் வாங்கி வச்சிருக்கேன்.